தாங்குதிறன்: நகர்ந்துகொண்டே இருக்கும் எல்லை

ஓரிடத்தில் ஒரே காலத்தில் வாழ்ந்து தமக்குள் இனம் பெருக்கும் ஒரே வகை உயிர்களின் தொகுதியைச் சூழலியலார் இனத்தொகை என்பர். ஒரு குளத்தின் அயிரை மீன்களும், ஒரு மலைத்தொடரின் வரையாடுகளும், ஒரு நாட்டின் மக்களும் இச்சொல்லுக்குள் அடங்குவர். இனத்தொகை கூடுவதற்குப் பிறப்பு, பிற இடங்களிலிருந்து வந்து சேர்தல் என இரண்டு வழிகளும், குறைவதற்கு இறப்பு, வெளியேறிச் செல்லுதல் என இரண்டு வழிகளுமே உண்டு. ஆகவே மேலோட்டமாகப் பார்ப்பவருக்கு இது கடைக்காரரின் வரவு செலவுக் கணக்கைக் காட்டிலும் எளிதாகவே தோன்றும். இந்தக் கணக்கில் மட்டும் ஒவ்வொரு பதிவும் கூட்டுத்தொகையைப் பார்த்தே எழுதப்படுகிறது. இப்போது எத்தனை உயிர்கள் உள்ளன என்பதே இனி எத்தனை பிறக்கும், எத்தனை இறக்கும் என்பதைப் பெரும்பாலும் முடிவு செய்கிறது. இத்துறையின் சிக்கல்கள் அனைத்தும் இங்கிருந்தே கிளைக்கின்றன.

தடை ஏதும் இல்லாதபோது இனத்தொகை வட்டிக்கு வட்டி போட்ட கடனைப்போல் வளர்கிறது. பிறந்தவை வளர்ந்து தாமும் ஈனத் தொடங்குவதால், ஒவ்வோர் ஆண்டும் சேரும் எண்ணிக்கை முந்தைய ஆண்டினதைவிட மிகுகிறது. தொகை இரட்டிக்க எடுத்துக்கொள்ளும் காலம் மட்டும் மாறாமல் நிற்கிறது. இதனை அடுக்குவீத வளர்ச்சி என்பர். மெதுவாகப் பெருகும் உயிர்களும் இவ்விதிக்கு விலக்கில்லை என்று காட்ட விரும்பிய சார்லஸ் டார்வின், 1859இல் வெளிவந்த தமது நூலில், மிக அரிதாகவே ஈனும் யானையை எடுத்துக்கொண்டு, ஓரிணையின் வழித்தோன்றல்கள் 500 ஆண்டுகளில் ஒன்றரைக் கோடியாகும் என்று எழுதினார். கணக்கில் பிழையிருப்பது சுட்டிக்காட்டப்பட்ட பின்னர், ஏறக்குறைய 750 ஆண்டுகளில் 1.9 கோடி என்று அவரே பிற்பதிப்பில் திருத்திக்கொண்டார். பிழை அவர் வாதத்தைச் சற்றும் பாதிக்கவில்லை. ஏனெனில் உலகம் யானைகளால் நிரம்பி வழியவில்லை என்பதும், அவ்வாறு நிரம்பாமல் ஏதோ ஒன்று இடைவிடாது தடுத்துக்கொண்டிருக்கிறது என்பதுமே அவர் சொல்ல வந்தவை.

அந்தத் தடையைப் பற்றிய சிந்தனையை டார்வின் தாமஸ் மால்தஸிடமிருந்து பெற்றார். மக்கள்தொகை பெருக்கல் வீதத்திலும் உணவு கூட்டல் வீதத்திலும் வளர்வதால், பசியும் நோயும் போரும் பெருக்கத்தை அடக்கியே தீரும் என்று மால்தஸ் 1798இல் ஒரு நூலில் வாதிட்டிருந்தார். டார்வின் அந்நூலைப் படித்த 1838ஆம் ஆண்டிலேயே, பெல்ஜியத்தைச் சேர்ந்த கணிதவியலார் பியர் பிரான்சுவா வெரூல்ஸ்ட், அதே கருத்துக்குக் கணித வடிவம் தரும் கட்டுரையொன்றை வெளியிட்டார். ஒரு சூழலில் நிலையாக வாழக்கூடிய மிகுதியான எண்ணிக்கை இவ்வளவு என்று ஓர் எல்லையை வைத்துக்கொண்டால், அந்த எல்லையில் இன்னும் நிரம்பாமல் எஞ்சியுள்ள பங்கு எவ்வளவோ தடையற்ற பெருக்க வேகத்தில் அவ்வளவு பங்கிலேயே இனம் வளரும் என்பது அவர் சமன்பாட்டின் சாரம். எல்லை 1,000 என்றால், 100 உயிர்கள் உள்ளபோது பத்தில் ஒன்பது பங்கு வேகமும், 900 உள்ளபோது பத்தில் ஒரு பங்கு வேகமும் இருக்கும். 1,000ஐ எட்டியதும் பிறப்பும் இறப்பும் சமமாகி வளர்ச்சி நின்றுவிடும். இதை வரைபடமாக்கினால், முதலில் மெல்ல எழுந்து, நடுவில் செங்குத்தாக ஏறி, மேலே தட்டையாகும் எஸ் வடிவ வளைவு கிடைக்கும். மேலே உள்ள எல்லைக்குப் பிற்காலத்தில் வழங்கிய பெயரே தாங்குதிறன்.

வெரூல்ஸ்டின் கட்டுரை ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் கவனிப்பாரின்றிக் கிடந்தது. 1920இல் அமெரிக்கர்களான ரேமண்ட் பேர்ல், லோவல் ரீட் ஆகியோர் அதே சமன்பாட்டைத் தாமாகவே கண்டடைந்தனர். மாஸ்கோவில் இளம் ஆய்வாளராக இருந்த கியார்கி காஸ், ஒற்றைச் செல் உயிரியான பாரமீசியத்தைச் சோதனைக் குழாய்களில் வளர்த்து, நாள்தோறும் அளவான உணவு கொடுத்து எண்ணிப் பார்த்தபோது, எண்ணிக்கை அந்த வளைவின்மீதே ஏறக்குறைய வழுவாமல் சென்றது. 1934இல் அவர் நூல் வெளிவந்த பிறகு எஸ் வடிவ வளைவு பாடநூல்களில் நிலையான இடம் பெற்றது. அந்தச் செல்வாக்கின் பக்கவிளைவாகத் தாங்குதிறன் என்பது, திருமண மண்டபத்தின் இருக்கை எண்ணிக்கையைப்போல, இடத்திற்கே உரிய மாறாத எண் என்னும் எண்ணமும் வேரூன்றிவிட்டது. சோதனைக் குழாயில் அது உண்மைதான். அங்கே நாள்தோறும் உணவை ஊற்றுபவர் ஆய்வாளர், பாரமீசியம் எவ்வளவு தின்றாலும் மறுநாள் ஊற்றப்படும் அளவு குறைவதில்லை. குழாய்க்கு வெளியே அப்படி ஊற்றுவதற்கு எவரும் இல்லை.

இந்த வேறுபாட்டை மிகத் தெளிவாகக் காட்டும் இடம், அலாஸ்காவுக்கு மேற்கே பெரிங் கடலில் உள்ள செயின்ட் மாத்யூ தீவு. ஏறத்தாழ 330 சதுர கிலோமீட்டர் பரப்புடைய, மக்கள் குடியிருப்பே இல்லாத அத்தீவில், இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்கக் கடலோரக் காவல்படை கப்பல்களுக்கும் விமானங்களுக்கும் வழிகாட்டும் வானொலி நிலையமொன்றை அமைத்தது. அங்கிருந்த சில வீரர்களுக்கு வழங்கல் கப்பல் வராமல் போனால் அவசர உணவாகட்டும் என்று 1944இல் 24 பெண், 5 ஆண் என 29 துருவ மான்கள் கொண்டுவந்து விடப்பட்டன. போர் முடியும் தறுவாயில் நிலையம் மூடப்பட்டது, வீரர்கள் சென்றுவிட்டனர், மான்கள் மட்டும் தங்கின.

அவற்றுக்கு அங்கே ஓநாய் இல்லை, வேடர் இல்லை, உணவுக்குப் பங்காளியாக வேறு பெரிய தாவர உண்ணியும் இல்லை. நிலமெங்கும் லைக்கன் மெத்தைபோல் அடர்ந்து கிடந்தது. பூஞ்சையும் பாசியும் ஒன்றோடொன்று பிணைந்து ஒரே உயிர்போல் வாழும் இந்த லைக்கன் தமிழர் அறியாத பொருளன்று. செட்டிநாட்டுக் குழம்பில் மணத்திற்காகச் சேர்க்கப்படும் கல்பாசியும் லைக்கன் வகையைச் சேர்ந்ததே. துருவ மான்கள் கோடையில் புல்லையும் இலைகளையும் மேய்ந்து, பனி மூடிய மாதங்களில் குளம்பால் பனியைத் தோண்டி லைக்கனைத் தின்று உயிர் காக்கும். புல் ஆண்டுக்கு ஆண்டு தழைக்கும். லைக்கனோ ஆண்டொன்றுக்குச் சில மில்லிமீட்டர் மட்டுமே வளரும். தீவின் மான்கள் ஒவ்வொரு குளிர்காலத்திலும் தின்றது அந்த ஆண்டின் விளைச்சலை விடுத்து, பல பத்தாண்டுகளாகச் சேர்ந்திருந்த இருப்பை.

1957இல் தீவுக்குச் சென்ற டேவிட் கிளைன் என்னும் உயிரியலாளர் 1,350 மான்களை எண்ணினார். அவை மற்ற இடங்களின் வளர்ப்பு மான்களைவிடக் கொழுத்து எடை மிகுந்திருந்தன. ஆயினும் சில இடங்களில் லைக்கன் மிதிபட்டுச் சிதைந்திருப்பதை அவர் அப்போதே குறித்துக்கொண்டார். 1963இல் மீண்டும் சென்றபோது மான்கள் 6,000 ஆகியிருந்தன. 19 ஆண்டுகளில் 29 என்பது 6,000 ஆவதென்றால், சராசரியாக இரண்டரை ஆண்டுக்கு ஒருமுறை இரட்டித்திருக்க வேண்டும். இந்த வேகம் மேலும் 25 ஆண்டுகள் நீடித்திருந்தால் மான்கள் 60 இலட்சத்தைத் தாண்டியிருக்கும்; அதாவது ஒரு சதுர கிலோமீட்டருக்கு 18,000க்கு மேல். அவ்வாறு நடக்க முடியாது என்பதற்கான அறிகுறிகள் உடல்களில் தோன்றிவிட்டன. ஆறே ஆண்டுகளில் வளர்ந்த மான்களின் எடை ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்கு குறைந்திருந்தது. பெண் மான்களின் எண்ணிக்கையோடு ஒப்பிடக் கன்றுகளின் விகிதமும் சரிந்திருந்தது. எண்ணிக்கை மட்டும் ஏறிக்கொண்டே இருந்தது. ஓர் இனத்தொகையின் நலத்தை அதன் அளவைக் கொண்டு மட்டும் மதிப்பிடுவது எவ்வளவு தவறான முறை என்பதற்கு இதைவிடத் தக்க சான்று கிடைப்பது கடினம்.

1963–64 குளிர்காலம் வழக்கத்தைவிடக் கடுமையாக, ஆழ்ந்த பனியோடு வந்தது. 1966இல் கிளைன் மூன்றாம் முறை சென்றபோது தீவெங்கும் எலும்புக்கூடுகள் சிதறிக் கிடந்தன. உயிரோடிருந்தவை 42 மட்டுமே. இறந்தவற்றின் எலும்பு மச்சையில் கொழுப்பே எஞ்சாதிருந்தது, அவை பட்டினியால் இறந்ததைக் காட்டியது. பஞ்சத்தில் உடல் தன் கொழுப்பைச் செலவிடும்போது கடைசியாகக் கரைவது எலும்புக்குள் இருக்கும் கொழுப்பே என்பதால், இந்தச் சான்று ஐயத்திற்கு இடமளிப்பதன்று. எஞ்சிய 42இல் 41 பெண். ஒன்று மட்டுமே ஆண், அதுவும் கொம்பு இயல்பற்று வளர்ந்த ஆண். கன்று ஒன்றுகூட இல்லை. 1980களில் தீவில் துருவ மானே இல்லாமல் போயிற்று. அதன் பின்னரும், அருகிலேயே மான்கள் விடப்படாத ஹால் தீவோடு ஒப்பிட்டபோது, செயின்ட் மாத்யூவின் லைக்கன் அந்தப் பேரிழப்புக்கு நாற்பது ஆண்டுகள் கடந்தும் அத்தீவினதில் ஒரு சிறு பங்கையே எட்டியிருந்தது.

இங்கே மான்களைக் கொன்றது எது என்ற கேள்விக்கு இரண்டு விடைகள் சொல்லப்படுவதுண்டு. சூழலியலார் தடைகளை இரு வகையாகப் பிரிப்பர்: கூட்டம் பெருகப் பெருகக் கடுமையாகும் உணவுப் பற்றாக்குறை, தொற்றுநோய், இடத்திற்கான போட்டி முதலியவை அடர்த்தி சார்ந்தவை, எண்ணிக்கை எதுவாயினும் ஒரே விதமாகத் தாக்கும் புயல், வெள்ளம், உறைபனி முதலியவை அடர்த்தி சாராதவை. பனியே காரணம் என்பார் இரண்டாம் வகையையும், மேய்ச்சல் அழிந்ததே காரணம் என்பார் முதல் வகையையும் நாடுகின்றனர். இந்தப் பிரிவினை ஏட்டில் உள்ள அளவுக்குத் தீவில் கூர்மையாக இல்லை. 1957இன் கொழுத்த மான்களும் தடித்த லைக்கனும் அதே பனியைச் சந்தித்திருந்தால் இழப்பு இத்தனை பெரிதாக இருந்திருக்காது. பனி ஏற்கெனவே எழுதப்பட்ட கணக்கை ஒரே இரவில் வசூலித்தது என்பதே பொருத்தமான தீர்ப்பாகத் தோன்றுகிறது.

மான்களின் எண்ணிக்கை எல்லையில் வந்து மெல்ல நின்றுவிடாமல் ஏன் எல்லையைத் தாண்டி ஓடியது என்பதற்கு விடை, காலத்தாழ்வில் இருக்கிறது. வெரூல்ஸ்டின் சமன்பாடு, நெருக்கடி தோன்றிய கணமே பிறப்பு குறையும் என்று கொள்கிறது. உண்மையில் இன்றைய பசியின் விளைவு நாளை அல்லது அடுத்த தலைமுறையில்தான் தெரிகிறது. ஆஸ்திரேலியப் பூச்சியியலார் அலெக்சாண்டர் நிக்கல்சன் 1950களில் ஆடுகளைத் தாக்கும் ஊன் ஈக்களைக் கூண்டில் வளர்த்து இதைத் துலக்கினார். புழுக்களுக்கு வேண்டுமளவு உணவும், வளர்ந்த ஈக்களுக்குக் கணக்கான புரதமும் கொடுக்கப்பட்டன. ஈக்கள் மிகுந்தபோது ஒவ்வொன்றுக்கும் கிடைத்த புரதம் முட்டையிடப் போதாமல் போயிற்று. அவை மடிந்து சிலவே எஞ்சியதும், அந்தச் சில ஈக்கள் நிறையத் தின்று ஏராளமாக முட்டையிட்டன. முட்டை ஈயாக இரண்டு வாரம் அளவில் ஆகும் என்பதால், புதிய கூட்டம் பறந்து வந்து உணவை நெருக்கும்வரை முட்டையிடுதல் தொடர்ந்தது; வந்த பின்போ முட்டைகள் தேவைக்கு மிக அதிகம். இவ்வாறு எண்ணிக்கை சில வாரங்களுக்கு ஒருமுறை சில நூறுகளுக்கும் பல ஆயிரங்களுக்கும் இடையே ஊஞ்சலாடிக்கொண்டே இருந்தது. உணவின் அளவை நிக்கல்சன் மாற்றவே இல்லை. 1976இல் ராபர்ட் மே, தலைமுறை தலைமுறையாகப் பெருகும் உயிர்களுக்கான மிக எளிய சமன்பாடுகூட, வளர்ச்சி வீதம் போதிய அளவு உயர்ந்தால், முன்கூட்டிச் சொல்ல இயலாத ஒழுங்கற்ற ஏற்ற இறக்கங்களைத் தரும் என்று கணிதமாக நிறுவினார்.

எல்லையை வகுப்பது எப்போதும் உணவே என்பதும் இல்லை. அதை அறியும் வழி, தடைகளில் ஒன்று நீங்கும்போது என்ன நடக்கிறது என்று பார்ப்பதே. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஆப்பிரிக்காவில் பரவிய மாட்டு வெக்கை நோய், தான்சானியாவின் செரங்கெட்டி புல்வெளியில் வாழும் வில்டபீஸ்ட் என்னும் பெரிய மானினத்தின் இளங்கன்றுகளைத் தொடர்ந்து கொன்றுவந்தது. கென்யாவில் வால்ட்டர் பிளவ்ரைட் உருவாக்கிய தடுப்பூசி அண்டை ஊர்களின் மாடுகளுக்குப் போடப்பட்டபோது, ஊசியே போடாத காட்டு விலங்குகளிடமிருந்தும் 1960களின் முற்பகுதியில் நோய் மறைந்தது. மாடுகளே நோயின் கொள்கலம் என்பது அப்போது தெளிவாயிற்று. ஏறக்குறைய இரண்டரை இலட்சமாக இருந்த வில்டபீஸ்ட் 1977க்குள் 13 இலட்சமாயின. அங்கே நின்றன. சிங்கங்கள் மிகுந்த அந்நிலத்தில்கூட, பின்னர் வில்டபீஸ்டைக் கட்டுப்படுத்தியது வறட்சி மாதங்களில் ஒவ்வொரு விலங்குக்கும் கிடைக்கும் பசும்புல்லின் அளவே என்று நீண்டகால ஆய்வுகள் காட்டின. நோய் வகுத்த தாழ்ந்த எல்லை நீங்கியதும், அதற்கு மேலே காத்திருந்த உணவின் எல்லை செயலுக்கு வந்தது. பெருகிய கூட்டம் புல்லை மேய்ந்து தீர்த்ததால் காட்டுத்தீ குறைந்து, தீயில் கருகிவந்த மரக்கன்றுகள் தப்பி வளர்ந்தன என்பது எவரும் எதிர்பாராத விளைவு.

தமிழ்நாட்டு உழவர்கள் இதே பாடத்தை எதிர்த்திசையில் கண்டனர். மெக்சிகோவைத் தாயகமாகக் கொண்ட பப்பாளி மாவுப்பூச்சி 2008இல் கோயம்புத்தூரில் காணப்பட்டு, பப்பாளி, மரவள்ளி, மல்பெரி எனப் பயிர்களில் வெண்பொடி தூவியதுபோல் பரவியது. தாயகத்தில் அதை அடக்கிவைத்திருந்த எதிரிகள் இங்கே இல்லாததே அந்தப் பெருக்கத்தின் காரணம் என்பதால், 2010இல் போர்ட்டோ ரிக்கோவிலிருந்து சிறிய ஒட்டுண்ணிக் குளவி வரவழைத்து விடப்பட்டது. மாவுப்பூச்சிக்குள் முட்டையிட்டு அதை உள்ளிருந்தே தின்னும் அக்குளவி, மருந்து தெளிப்பு சாதிக்காததைச் சில மாதங்களில் சாதித்தது. பூச்சி அற்றுப்போகவில்லை, பயிருக்குப் பெருந்தீங்கு செய்யாத தாழ்ந்த எண்ணிக்கையில் இருக்கிறது.

மனித இனத்திற்கு வரும்போது எல்லையைக் கணிக்க முயன்றவர்களின் வரிசை நீளமானது; அவர்களுடைய தோல்வியின் வரிசையும் அதே நீளம். நுண்ணோக்கியால் புகழ்பெற்ற ஆன்டனி வான் லேவன்ஹூக் 1679இல், ஹாலந்தின் மக்கள் 10 இலட்சம் என்றும், உலகில் குடியேறத்தக்க நிலம் ஹாலந்தைப்போல் 13,385 மடங்கு என்றும் கொண்டு, உலகம் 1,338.5 கோடிப் பேருக்கு மேல் தாங்காது என்றார். வெரூல்ஸ்ட் தம் சமன்பாட்டைக் கொண்டு பெல்ஜியத்தின் உச்சம் 94 இலட்சம் என்று 1847இல் கணித்தார். இன்று அந்நாட்டில் ஒரு கோடியே பத்து இலட்சத்திற்கும் மேற்பட்டோர் வாழ்கின்றனர். பேர்லும் ரீடும் அமெரிக்காவுக்கு வகுத்த 19.7 கோடி என்னும் உச்சத்தை அந்நாடு அரை நூற்றாண்டுக்குள் கடந்து, 1970 கணக்கெடுப்பில் 20.3 கோடியைக் காட்டியது. இவர்கள் கணக்கில் வராதவை குடியேற்றமும் தொழில்நுட்பமும். காற்றின் நைட்ரஜனை அம்மோனியாவாக்கும் முறையை ஃபிரிட்ஸ் ஹாபர் 1909இல் செய்து காட்டி, 1913இல் ஜெர்மனியில் அது ஆலையாக எழுந்ததும், வயலின் தாங்குதிறனே மாறிவிட்டது. இன்றைய மக்களில் ஏறத்தாழப் பாதிப்பேரின் உணவு அந்த அம்மோனியாவிலிருந்து செய்யப்படும் உரத்தைச் சார்ந்திருப்பதாக மதிப்பிடுவர். எல்லை உயர்ந்ததை எல்லையே இல்லை என்று படிப்பவர்களும் உண்டு. இயற்கை எரிவாயுவை மூலப்பொருளாகவும் எரிபொருளாகவும் கொண்டு பெரும்பாலும் செய்யப்படும் உரத்தின் மேல் நிற்கும் உயர்வு, லைக்கன் மெத்தையை நினைவூட்டாமல் இராது.

மால்தஸ் முற்றிலும் எதிர்பாராதது வேறொன்று. உலக மக்கள்தொகையின் ஆண்டு வளர்ச்சி வீதம் 1960களில் இரண்டு விழுக்காட்டுக்கு மேல் சென்று உச்சத்தைத் தொட்டு, இன்று ஒரு விழுக்காட்டுக்கும் கீழே இறங்கியிருக்கிறது. இறங்கியது பசியினாலோ கொள்ளைநோயினாலோ அன்று. குழந்தைகள் பிழைத்தனர், பெண்கள் படித்தனர், கருத்தடை கைக்கெட்டியது, ஆகவே பிறப்புகள் குறைந்தன. உணவு மிகுந்தபோது ஈனுதலைக் குறைத்துக்கொள்ளும் இந்தப் போக்கு துருவ மானிடமோ ஊன் ஈயிடமோ காணப்படாதது. ஆனால் காலத்தாழ்வு மனிதரையும் விடவில்லை. பெரும்பாலான நாடுகளில் முதலில் இறப்பு வீதம் விழுந்தது. பிறப்பு வீதம் ஒரு தலைமுறையோ இரண்டோ கழித்தே அதைப் பின்தொடர்ந்தது. அந்த இடைவெளியில்தான், 1804 அளவில் 100 கோடியாக இருந்த உலகம் 2022 நவம்பரில் 800 கோடியை எட்டியது.

பிறப்பு விழுந்த பிறகும் தாழ்வு தொடர்கிறது. ஒரு பெண்ணுக்குச் சராசரியாக 2.1 குழந்தைகள் பிறந்தால் ஒரு தலைமுறை தன்னைத் தானே ஈடுசெய்துகொள்ளும் என்பது மக்கள்தொகையியலாரின் அளவுகோல். 2019–21இல் நடந்த தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பில் இந்தியாவின் சராசரி 2.0, தமிழ்நாட்டினது 1.8. ஈடுசெய் அளவுக்குக் கீழே இறங்கிவிட்ட போதிலும் இந்தியாவின் மக்கள்தொகை இன்னும் சில பத்தாண்டுகள் ஏறிக்கொண்டுதான் இருக்கும். ஏனெனில் பெரிய குடும்பங்களின் காலத்தில் பிறந்தவர்கள் இப்போது பிள்ளை பெறும் வயதில் இருக்கின்றனர்.